படிப்பறிவா, பட்டறிவா: தேக்காவில் ஆறு சனிக்கிழமைகள்

சிங்கப்பூரின் தேக்காச் சந்தையிலிருந்து பத்து நிமிட நடையில், ஒரு பழைய கடைவீட்டின் மேல்மாடியில், தமிழில் தத்துவ அறிமுக வகுப்பு ஒன்று நடக்கிறது. ஆறு சனிக்கிழமை மாலைகள். ஒவ்வொரு மாலையும் இரண்டரை மணி நேரம். கட்டணம் 240 வெள்ளி. மளிகைக் கடையொன்றின் கண்ணாடிக் கதவில் ஒட்டியிருந்த அறிவிப்பைப் பார்த்துத்தான் நான் சேர்ந்தேன். அதில் கொட்டை எழுத்தில் ‘படிப்பறிவா, பட்டறிவா?’ என்றும், அதன் கீழே சிறிய எழுத்தில், காரணத்தால், அதாவது யோசித்தே பெறும் அறிவுக்கும் அனுபவத்தால் பெறும் அறிவுக்கும் உள்ள வேறுபாட்டை ஆராயும் வகுப்பு என்றும் போட்டிருந்தது. குறையும் சேர்த்துச் சொல்லப்போவதால் நடத்துபவர்களின் பெயரை எழுதவில்லை. அந்த வட்டாரத்தில் வாழையிலை வாங்கப் போகிறவர்களின் கண்ணில் அறிவிப்பு தானாகவே படும்.

நான் கணக்கெழுதிப் பிழைப்பவன். பற்றும் வரவும் சமமாக நிற்க வேண்டும் என்பதை யாரும் கடைக்குப் போய்ச் சோதித்துப் பார்ப்பதில்லை. ஒவ்வொரு தொகையையும் இரண்டு பக்கமும் எழுதுகிற முறையிலேயே அந்தச் சமநிலை அடங்கியிருக்கிறது. ஆனால் கல்லாவில் எவ்வளவு காசு இருக்கிறது என்பதை எந்த முறையும் சொல்லாது. திறந்து எண்ணித்தான் பார்க்க வேண்டும். பற்று வரவு மொத்தங்களைச் சரிபார்க்கும் இருப்பாய்வு ஒரு வெள்ளிகூடப் பிசகாமல் நின்ற மாதத்தில் கல்லாவில் நாற்பது வெள்ளி குறைந்திருந்ததை நான் பார்த்திருக்கிறேன். இந்த இரண்டு வகைத் தெரிதலுக்கும் இடையில் என்னதான் உறவு என்று இருபது ஆண்டுகளாக எனக்குள் இருந்த கேள்விதான் என்னை அந்த மாடிப்படி ஏற வைத்தது.

முதலில் அறிவிப்பின் மீதே ஒரு குறை. ‘படிப்பறிவு’ என்ற சொல் இந்தப் பொருளுக்குப் பொருந்தாது. தமிழில் நாம் படிப்பறிவையும் பட்டறிவையும் எதிரெதிரே நிறுத்திப் பேசிப் பழகிவிட்டோம். படித்தவர் பக்கம் காரணமும் பாமரர் பக்கம் அனுபவமும் இருப்பதாக அந்தச் சொற்சேர்க்கை நம்மை நினைக்க வைக்கிறது. உண்மையில் நூலில் படித்துத் தெரிந்துகொள்வதில் பெரும்பகுதி பிறர் சொல்லை நம்பி ஏற்றுக்கொள்வதாகும். நிலவுக்கு எவ்வளவு தூரம் என்பதை நான் காரணத்தாலும் அறியவில்லை, அனுபவத்தாலும் அறியவில்லை. எவரோ அளந்து சொன்னதைப் படித்தேன். நம் மரபு இதற்கு ‘உரை’ என்று தனிப்பெயர் வைத்து மூன்றாவது அளவையாகவே, அதாவது அறிவைப் பெறும் வழியாகவே எண்ணியது. இதை ஆசிரியரும் அறிவார். முதல் வகுப்பின் முதல் அரைமணி நேரத்திலேயே தெளிவாகச் சொன்னார். எங்கிருந்து கற்றோம் என்பது கேள்வியன்று, எதை ஆதாரமாகக் காட்டி அதைச் சரியென்று நிறுவுகிறோம் என்பதே கேள்வி என்றார். ஜெர்மானியத் தத்துவ அறிஞர் காண்ட் தம் பெருநூலின் 1787-ஆம் ஆண்டு இரண்டாம் பதிப்பின் தொடக்கத்தில் எழுதியதையும் மேற்கோளாகச் சொன்னார்: அறிவு முழுவதும் அனுபவத்தோடு தொடங்குகிறது என்றாலும், அதனாலேயே அது முழுவதும் அனுபவத்திலிருந்து எழுகிறது என்றாகிவிடாது. இவ்வளவு சொன்னவர் கையில் கொடுத்த அச்சுக் குறிப்புகளில் மட்டும் ஆறு வாரமும் ‘படிப்பறிவு’ என்றே இருந்தது. இரண்டாம் அணிக்காவது மாற்றினால் நல்லது.

அறிவிப்பின் உள்பகுதியில் ‘பகுத்தறிவாளர்’ என்ற சொல்லும் இருந்தது. 1929-இல் பெரியார் வந்து பேசி, 1932-இல் தமிழர் சீர்திருத்தச் சங்கம் தோன்றிய ஊரில் அந்தச் சொல்லுக்கு வேறொரு கனம் உண்டு. கடவுள் மறுப்பைப் பற்றிய விவாதம் என்று நம்பி இரண்டு பேர் வந்திருந்தார்கள். அறிவிப்பு அந்தச் சொல்லால் குறித்தது காரணத்தையே அறிவின் அடிப்படையாகக் கொண்ட ஐரோப்பியத் தத்துவ அறிஞர்களை. அவர்களில் டேக்கார்ட்டும் லைப்னிட்ஸும் காரணத்தின் வலிமையைக் கொண்டே கடவுள் உண்டென்று நிறுவ முயன்றவர்கள் என்று கேட்டதும் வந்த இருவரில் ஒருவர் அடுத்த வாரம் வரவில்லை. மற்றவர் கடைசிவரை இருந்து, எல்லோரையும்விட நல்ல கேள்விகள் கேட்டார்.

இரண்டாம் வகுப்புக்காகவே கட்டணத்தில் பாதியைக் கொடுக்கலாம். அன்று ஆசிரியர் பலகையைத் தொடாமல் தரையைக் காட்டினார். மேல்மாடித் தரையில் 600 மில்லிமீட்டர் சதுர டைல்ஸ் பதித்திருக்கிறார்கள். ஒரு டைல்ஸைப்போல் சரியாக இரண்டு மடங்கு பரப்புள்ள சதுரத்துக்குப் பக்கம் எவ்வளவு இருக்க வேண்டும் என்று கேட்டார். கேள்வி பழையது. மேனோன் வீட்டு அடிமைச் சிறுவனிடம் சாக்ரடீஸ் இதைக் கேட்டதாகப் பிளேட்டோ எழுதியிருக்கிறார். சிறுவன் முதலில் பக்கத்தை இரட்டிக்கச் சொல்கிறான், பரப்பு நான்கு மடங்காகிவிடுகிறது. பிறகு ஒன்றரை மடங்கு என்கிறான், அதுவும் இரண்டேகால் மடங்காகிறது. எங்கள் வகுப்பில் பதினான்கு பேர். மூன்று பேர் சிறுவனின் முதல் பிழையைச் செய்தார்கள். கணக்கெழுதுகிற நான் அவனுடைய இரண்டாவது பிழையைச் செய்தேன்.

பின்வரிசையில் இருந்த ஒருவர், பதினெட்டு ஆண்டுகளாக இந்த ஊரில் டைல்ஸ் பதிக்கும் வேலை செய்கிறவர், யோசிக்காமல் சொன்னார்: “மூலைக்கு மூலை பிடிங்க சார், 849 வரும்.” சரியான விடை. நான்கு டைல்ஸ் கூடும் இடத்தில், ஒவ்வொன்றின் வெளிமூலையையும் மூலைவிட்டத்தால் வெட்டிவிட்டால், நடுவில் சாய்ந்து நிற்கும் சதுரத்தில் நான்கு அரை டைல்ஸ் இருக்கும். நான்கு அரை என்பது இரண்டு முழு. எப்படித் தெரியும் என்று ஆசிரியர் கேட்டார். டைல்ஸை வைர வடிவில் திருப்பிப் பதிக்கும்போதெல்லாம் இந்த அளவைத்தான் பிடிக்கிறோம் என்றார் அவர். இனிமேல் வாங்கப்போகும் டைல்ஸிலும் அப்படியே வரும் என்று எப்படிச் சொல்கிறீர்கள் அண்ணே என்று ஆசிரியர் விடாமல் கேட்டதற்கு அவர் சற்றே யோசித்துவிட்டுச் சொன்னார்: “வரலைன்னா டைல்ஸ்தான் கோணல்.”

வகுப்பே சிரித்தது. ஆசிரியரும் சிரித்துவிட்டு, பட்டறிவுக்கு இது நல்ல எடுத்துக்காட்டு என்று சொல்லி அடுத்ததற்குப் போய்விட்டார். ஆறு வாரத்தில் அவர் தவறவிட்ட மிகப் பெரிய இடம் இது என்பேன். அந்த விடை பட்டறிவின் விடையன்று. பட்டறிவு மட்டும் பேசியிருந்தால், அளவு மாறி வருகிற நாளில் ‘இதுவரை அப்படி வந்தது, இன்று வேறாக வந்திருக்கிறது’ என்று தன் விதியைத் திருத்திக்கொண்டிருக்கும். தெற்கே போகிற பேருந்து வழிமாறிப் போனால் நாம் நம் நினைப்பைத் திருத்திக்கொள்வதைப்போல. அவர் விதியைத் திருத்தவில்லை. டைல்ஸைக் குற்றவாளி ஆக்கினார். அனுபவத்தில் என்ன நேர்ந்தாலும் விட்டுக்கொடுக்காத இடத்தில் அந்த விதியை வைத்திருக்கிறார் என்றால், அது சதுரம் என்ற சொல்லின் பொருளிலிருந்தே வருகிறது என்பதை எங்கோ கண்டுகொண்டிருக்கிறார் என்பதுதான் பொருள். இருப்பாய்வு நிற்காதபோது நான் கூட்டல் விதியைச் சந்தேகிக்காமல் என் கையெழுத்தைச் சந்தேகிப்பதும் இதே காரியம். வகுப்பிலேயே மிகக் குறைவாகப் பள்ளிக்கூடம் போனவர், அறிவிப்பு ‘படிப்பறிவு’ என்று தவறாகப் பெயரிட்ட அறிவைக் கையில் வைத்திருந்தார். அந்த அறிவிப்பு எவ்வளவு பிழையானது என்பதற்கு இதைவிட நல்ல சான்று தேவையில்லை.

நியாயமாகச் சொன்னால், அதே மாலையின் பிற்பகுதியில் ஆசிரியர் இழந்ததை ஓரளவு மீட்டார். 849 என்பது முழுமையான அளவன்று. 600-ஐ இரண்டின் வர்க்கமூலத்தால் பெருக்கினால் 848.528 என்று தொடங்கி முடிவில்லாமல் போகும். அந்த மூலத்தை எந்த இரண்டு முழு எண்களின் பின்னமாகவும் எழுத முடியாது என்பதை, இரட்டைப்படை ஒற்றைப்படை வாதம் ஒன்றைக்கொண்டு பத்து நிமிடத்தில் நிறுவிக் காட்டினார். பின்னமாக எழுத முடியும் என்று வைத்துக்கொண்டு, அதை இயன்றவரை சுருக்கிவிட்டால், மேலும் கீழும் உள்ள இரண்டு எண்களும் இரட்டைப்படை என்று வருகிறது. சுருக்கி முடித்த பின்னத்தில் அது நடக்காது. அளவு நாடாவால் இதை ஒருபோதும் கண்டறிய முடியாது என்பதுதான் இதில் வியப்பு. எவ்வளவு நுட்பமான கருவியும் ஏதோ ஓர் இலக்கத்தோடு நின்றுவிடும், அப்படி நின்ற எண் எதுவும் பின்னமே. அனுபவம் எட்டவே முடியாத ஓரிடத்துக்குக் காரணம் தனியாகப் போய் வந்ததை நான் கண்ணெதிரே பார்த்தது அன்றுதான்.

மூன்றாம் வாரம் ஐரோப்பியர்களின் வாரம். உருகி உருவம் மாறினாலும் அதே மெழுகுதான் என்று நமக்குச் சொல்வது புலனன்று, அறிவே என்று காட்ட டேக்கார்ட் 1641-இல் எழுதிய மெழுகுக் கட்டியைப் பற்றி ஆசிரியர் மெழுகுத்திரி ஏற்றிப் பேசினார். புகை உணரும் கருவி கத்திவிடுமோ என்ற பயத்தில் பாதியில் அணைத்துவிட்டார். மனத்தை எழுதாத வெள்ளைத்தாள் என்ற ஆங்கிலேயத் தத்துவ அறிஞர் லாக்குக்கு, புலன் வழியாக வராத எதுவும் அறிவில் இல்லை, அறிவைத் தவிர என்று லைப்னிட்ஸ் பதில் எழுதியதும், 1704-இல் லாக் இறந்துபோனதால் அந்த நூல் அச்சேறாமல் கிடந்து 1765-இல்தான் வெளிவந்ததும் சுருக்கமாக வந்தன. எனக்குப் பிடித்தது லாக் சொல்லும் சயாம் மன்னர் கதை. எங்கள் ஊரில் குளிர்காலத்தில் தண்ணீர் கெட்டியாகி யானையையும் தாங்கும் என்று டச்சுத் தூதர் சொன்னாராம். நீர் இதுவரை சொன்ன விந்தைகளையெல்லாம் நம்பினேன், இப்போதுதான் நீர் பொய் சொல்பவர் என்று உறுதியாயிற்று என்றாராம் மன்னர். நிலநடுக்கோட்டுக்கு ஒன்றரை பாகைக்குள் வாழ்கிற நமக்கு அந்த மன்னரைக் கேலி செய்ய உரிமையில்லை. உறைந்த ஏரியை நம்மில் பலரும் தொலைக்காட்சி என்ற தூதரின் வாய்மொழியில்தான் அறிவோம். மன்னர் தம் அனுபவத்துக்கு உண்மையாக நடந்துகொண்டு பிழை செய்தார். தூதரின் சொல்லை நம்பியிருந்தால் சரியாக இருந்திருப்பார். அனுபவம், காரணம் என்று இரண்டே கட்சிகளை வைத்து ஆடும் ஆட்டத்தில் உரைக்கு இடமில்லாமல் போவதை இந்தக் கதை நன்றாகவே காட்டுகிறது.

நான்காம் வாரத்தில் ஒரு துணிப்பையைச் சுற்றுக்கு விட்டார்கள். உள்ளே கட்டைகள், கையை விட்டுத் தடவிவிட்டு, மேசை மீது இருப்பவற்றில் அதுபோன்றதைக் காட்ட வேண்டும். எல்லோரும் எளிதாகக் காட்டினோம். பிறகுதான் கேள்வி வந்தது: பிறவியிலேயே பார்வையற்ற ஒருவர், உருண்டையையும் கனசதுரத்தையும் தொட்டுப் பிரித்தறியப் பழகியவர், திடீரெனப் பார்வை பெற்றால் தொடாமலே எது எதுவென்று சொல்வாரா? 1688-இல் அயர்லாந்தைச் சேர்ந்த மாலினக்ஸ் இதை லாக்குக்கு எழுதி அனுப்பினார். சொல்ல மாட்டார் என்பதே இருவரின் கருத்து. முந்நூறு ஆண்டுகளுக்கும் மேலாக அறிஞர்கள் நாற்காலியில் அமர்ந்து வாதாடிய இந்தக் கேள்விக்கு, 2011-இல் வெளியான ஆய்வொன்று, இந்தியாவில் அறுவை சிகிச்சையால் பார்வை பெற்ற 8 முதல் 17 வயது வரையிலான ஐந்து பேரைக்கொண்டு விடை தேடியது. தொட்டதைக் கண்ணால் கண்டுபிடிக்க அவர்களால் உடனே முடியவில்லை; ஆனால் சில நாட்களிலேயே அந்தத் திறன் வந்துவிட்டது. இந்தப் பகுதியை ஆசிரியர் மிக நன்றாக நடத்தினார். எது காரணத்தால் தீரும் கேள்வி, எது சோதித்தால் மட்டுமே தீரும் கேள்வி என்பதையே நாம் முன்கூட்டிச் சரியாகக் கணிப்பதில்லை என்பது, அவர் எதுவும் சொல்லாமலே புரிந்தது.

ஐந்தாம் வாரம் நம் மரபுக்கு. இதைத்தான் நான் பெரிதும் எதிர்பார்த்தேன். இதில்தான் எனக்குப் பெரிய ஏமாற்றமும். மணிமேகலை வஞ்சி நகரில் வெவ்வேறு சமயத்தாரிடம் அவரவர் கொள்கையைக் கேட்கும் பகுதியை ஆசிரியர் அழகாக வாசித்தார். அளவைகள் பத்தென்றும் எட்டென்றும் ஆறென்றும் மூன்று ஆசிரியர்கள் எண்ணியதைச் சொல்லிவிட்டு, கண்ணால் கண்டது தவிர வேறெதையும் ஏற்காத பூதவாதியிடம் வந்தார். அவனைப் பார்த்து மணிமேகலை சிரித்து, உன் தாய்தந்தையரை அனுமானத்தால் அன்றி வேறெப்படி அறிந்தாய் என்று கேட்கிறாள். வகுப்பில் உடனே சண்டை மூண்டது. அது அனுமானமா, பிறர் சொல்லா? பிறப்புச் சான்றிதழ் பிறர் எழுதியதுதானே என்றார் ஒரு தாதி. பிறர் சொல்லை நம்பலாம் என்பதே ஓர் அனுமானம்தான், அதனால்தான் பழைய இந்தியத் தத்துவ மரபினரான வைசேடிகர் உரையைத் தனி அளவையாக எண்ணாமல் கருதலுக்குள், அதாவது அனுமானத்துக்குள் அடக்கினார்கள் என்று ஆசிரியர் பதில் சொன்னார். சைவ சித்தாந்திகள் காட்சி, கருதல், உரை என்று மூன்றாக வைத்துக்கொண்டார்கள் என்பதையும் சேர்த்துச் சொன்னார். இந்தச் சண்டைக்கே ஒரு முழு மாலை வேண்டும். கிடைத்தது நாற்பது நிமிடம்.

அதைவிடக் கனமான குறை, ‘கருதல்’ என்பதை ஆசிரியர் ஐரோப்பியரின் காரண அறிவோடு ஒன்றாக்கிவிட்டது. மலையில் புகை தெரிகிறது, ஆகவே நெருப்பு உண்டு என்பது நியாயத் தத்துவ மரபினரான நையாயிகரின் பெயர்பெற்ற எடுத்துக்காட்டு. 2013 ஜூன் 21 அன்று காற்று மாசுக் குறியீடு 401-ஐத் தொட்டபோது நாம் அனைவரும் அந்த வாதத்தைத்தான் செய்தோம்; சுமத்ராவின் தீயை யாரும் சன்னலிலிருந்து பார்க்கவில்லை. ஆனால் புகையுள்ள இடத்தில் நெருப்பு உண்டு என்ற தொடர்பை நமக்குக் கற்றுக்கொடுத்தது அடுப்படி. நையாயிகரும் அடுக்களையைத்தான் சான்றாகக் காட்டுகிறார்கள். அப்படியானால் இந்தக் கருதல் பழைய அனுபவத்தின் மீது நிற்கிற அறிவு. சதுரத்தின் மூலைவிட்டத்தைப்போலத் தன் காலிலேயே நிற்பதன்று. இரண்டும் ஒரே பொருள் என்று பலகையில் சமக்குறி போட்டது பிழை. இடைவேளையில் தேநீரைக் கையில் வைத்துக்கொண்டு இதைச் சொன்னேன். ஆசிரியர் சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, சரிதான் என்று ஒப்புக்கொண்டார். வகுப்பு மீண்டும் தொடங்கியதும் எல்லோருக்கும் கேட்கும்படி திருத்தியும் சொன்னார். அந்தப் பெருந்தன்மைக்காகத் தனியாக ஒரு மதிப்பெண் தர வேண்டும்.

ஆறாம் வாரம் அவசரத்தில் போயிற்று. நாளை சூரியன் உதிக்காது என்பதில் முரண்பாடு எதுவும் இல்லை என்று 1748-இல் எழுதிய ஸ்காட்லாந்துத் தத்துவ அறிஞர் ஹியூமும், அவரால் தம் தூக்கம் கலைந்ததாகச் சொன்ன காண்டும் ஒரே மாலைக்குள் அடங்க மாட்டார்கள். ஏழும் ஐந்தும் பன்னிரண்டு என்பது சொற்பொருளாலேயே உண்மையா என்று காண்ட் கேட்ட கேள்வியை விளக்கும்போது மணி எட்டாகிவிட்டது. இரண்டாம் வாரத்தின் வெற்றியைச் சற்றே அடக்கி வைத்திருக்க வேண்டிய செய்தி ஒன்றும் விடுபட்டது. மூலைவிட்டத்தின் விதி தட்டையான தரைக்கு மட்டும் உரியது. நிலநடுக்கோட்டில் ஓரிடத்தில் தொடங்கி, அதன் வழியே பூமியின் கால்சுற்று சென்று, அங்கிருந்து வடதுருவத்துக்குப் போய், தொடங்கிய இடத்துக்குத் திரும்பினால், அந்த முக்கோணத்தின் மூன்று கோணங்களும் செங்கோணங்கள். வெளியின் இயல்பு தட்டையான வடிவியலை வகுத்த பழைய கிரேக்க அறிஞர் யூக்ளிட் சொன்னதுதான், அனுபவம் அதை மாற்ற முடியாது என்று காண்ட் நம்பினார். 1919 மே மாதக் கிரகணத்தில் விண்மீன் ஒளி சூரியனருகே எவ்வளவு வளைகிறது என்று அளந்தபோது, ஐன்ஸ்டைனின் வளைந்த வெளி நிலைத்தது. ‘தட்டையாக இருந்தால் இப்படித்தான் இருக்க வேண்டும்’ என்பது காரணத்தின் வேலை. தட்டையாக இருக்கிறதா என்பதைப் போய்த்தான் பார்க்க வேண்டும். கல்லாவுக்கும் பேரேட்டுக்கும் இடையிலான உறவும் ஏறக்குறைய இதுதான் என்று வீடு திரும்பும் எம்ஆர்டி ரயிலில் எனக்குத் தோன்றியது. வகுப்பில் யாராவது சொல்லியிருந்தால் பத்து நிமிடம் மிச்சமாகியிருக்கும்.

மற்றவை சுருக்கமாக. மின்தூக்கி இல்லை, படிகள் செங்குத்தானவை, முழங்கால் வலி உள்ளவர்கள் யோசிக்கவும். குளிர்சாதனம் பின்வரிசையில் சொட்டுகிறது. அச்சுக் குறிப்புகளில் எழுத்துப் பிழைகள் மிகுதி, ஹியூமின் பெயரே மூன்று விதமாக இருக்கிறது. இடைவேளைத் தேநீரும் வடையும் கட்டணத்தில் அடக்கம். வடை நன்றாக இருந்தது. ஆசிரியரின் தமிழ் தெளிவானது, தேவையற்ற ஆங்கிலம் கலக்காதது. அதே சமயம் புதுச்சொல் புனைந்து மிரட்டாதது. இந்தப் பொருளைத் தமிழில் இவ்வளவு நிதானமாகப் பேசும் இடம் வேறெதையும் நான் இந்த ஊரில் பார்த்ததில்லை. ஐந்துக்கு நான்கு தருவேன். ஐந்தாம் வாரத்தை இரண்டாகப் பிரித்து ஏழு வாரமாக்கினால் 280 வெள்ளியும் தருவேன். தேர்வுக்காகவோ சான்றிதழுக்காகவோ வருபவர்களுக்கு இங்கே எதுவும் கிடைக்காது.

அடுத்த அணி தீபாவளிக்குப் பிறகு தொடங்குகிறது. டைல்ஸ் அண்ணன் மறுபடியும் சேரப்போவதாகச் சொன்னார். கடைசி நாள் படியிறங்கும்போது, வாசலருகே மூன்றாவது டைல்ஸ் கோணல், ஒரு மூலைவிட்டம் 851, மற்றது 846 என்றார். அளந்தீர்களா என்று கேட்டேன். முதல் நாளே கண்ணுக்குத் தெரிந்துவிட்டதாம். இரண்டாம் வகுப்பு முடிந்த பிறகுதான் நாடாவைக் கொண்டுவந்து அளந்தாராம்.